கோர்டன் கமிங் அம்மையாரும் மலைநாட்டு ஓவியங்களும்

கினிகத்தேனைக்கு அண்மையில் வீழும் அருவிக்கு அபடீன் என்பது பெயர். மஸ்கெலியாப் பக்கத்தில் ஸ்ட்ரத்ஸ்பே என்றொரு தோட்டம் உண்டு. இவ்விரண்டும் ஸ்கொத்லாந்தின் வடகிழக்கிலிருந்து வந்த பெயர்களாம். துரைமார் தம் ஊர்ப் பெயர்களை இம்மலைகளுக்கு இட்டனர்; அப்பகுதியிற் பிறந்த ஒரு பெண்மணியோ இம்மலைகளையே தாளில் எழுதிச் சென்றார். அவரே கொன்ஸ்டன்ஸ் கோர்டன் கமிங் அம்மையார் (1837-1924).

நிலப்பிரபுக்களின் குடியிற் பிறந்தும், ஓவியக் கல்லூரியிற் பயின்றவரல்லர். இல்லத்துக்கு விருந்தினராய் வந்த ஓவியர்பாற் கண்டும் கேட்டுமே கற்றார். 1868இல் இந்தியாவுக்குப் புறப்பட்டவர், 1872 முதல் 1874 வரை கொழும்பு அத்தியட்சர் ஜேர்மினின் விருந்தினராக இலங்கையில் உறைந்தார். பின்னர் பீஜி, தாகித்தி, கலிபோர்னியா, யப்பான், சீனம் எனப் பயணம் நீண்டது. நாளொன்றுக்கு ஒரு வண்ணச் சித்திரமேனும் தீட்டுதல் வேண்டும் என்பது அவர் விரதம். அவ்வாறு சேர்ந்தவை ஆயிரத்துக்கு மேற்பட்டன.

அவர் கையாண்டது நீர்வண்ணம். சுமப்பதற்கு இலேசானது, விரைவில் உலர்வது. ஆயின் ஈரம் ததும்பும் காற்றில் அது எளிதில் உலராது. கினிகத்தேனை, வட்டவளைப் பகுதியின் மழையை அறிந்தோர்க்கு இவ்விரதத்தின் அருமையை விரித்துரைக்க வேண்டுவதில்லை! எனினும் மலைநாடு ஓவியர்க்கு ஒரு துணையும் செய்கின்றது. அண்மையிலுள்ளதை அழுத்தமாகவும் சேய்மையிலுள்ளதை வெளிறியதாகவும் தீட்டித் தொலைவைக் காட்டுதல் நிலக்காட்சி ஓவியத்தின் முறை. இங்கோ மூடுபனி அவ்வேலையைத் தானே செய்துவிடுகின்றது.

அவர் கண்டது தேயிலை மலையன்று, கோப்பி மலை. ஜேம்ஸ் டெய்லர் 1867இல் லூல்கந்துரையில் தேயிலை பயிரிடத் தொடங்கியிருந்தாராயினும், எங்கும் கோப்பியே ஓங்கியிருந்தது. அதனை அழிக்கவந்த இலைநோய் 1869இலேயே தோன்றிவிட்டது. புகையிரதம் 1874இல் நாவலப்பிட்டியை எட்டியது. ஹற்றனுக்கு வர மேலும் பத்தாண்டு சென்றது. ‘இலங்கையில் இரு இனிய ஆண்டுகள்’ எனப் பொருள்படும் அவரது நூல் 1892இல் எடின்பரோவில் வெளிவந்தபோது, கோப்பி மாண்டு தேயிலை படர்ந்துவிட்டது. ஆதலின் அச்சித்திரங்கள், மறைந்துபோன ஒரு நிலத்தின் சான்றுகளாகவும் நிற்கின்றன.

இவ்விடத்து நாம் ஒன்று கேட்டாக வேண்டும். காட்டை வெட்டியவர் எவர்? தமிழகத்திலிருந்து வந்து, மன்னார்க் கரையில் இறங்கி, மாத்தளை வழியே கால்நடையாக ஏறிவந்த நம் முன்னோர். வழியில் மாண்டோர் பலர். நிலக்காட்சி ஓவியத்திலோ மனிதன், மலையின் உயரத்தைக் காட்டும் அளவுகோலாகச் சிறுத்து விடுகின்றான். ஒரு புள்ளி, ஒரு வெள்ளைத் துணி, அவ்வளவே. அம்மையாரின் எழுத்தில் தமிழ்த் தொழிலாளர் வரவே செய்கின்றனர். அதுவும் விருந்தோம்பிய துரைமாரின் முன்றிலிலிருந்து கண்ட காட்சியாகவே பெரும்பாலும் அமைகின்றது. இது அவர் ஒருவர் குறையன்று. அக்கலையின் மரபே அத்தகையது. ஆகவே பழைய மலைநாட்டுச் சித்திரமொன்றைக் காணுங்கால், மொட்டையாக்கப்பட்ட சரிவையும் அதன்மேல் நேர்கோடாய் ஓடும் பாதையையும் முதலில் நோக்குக. பெயர் எழுதப்படாத கைகள் அங்கேதான் உள்ளன.

முதுமையில் அவர் சீனத்துப் பார்வையற்றோர் படிப்பதற்கென மறே பாதிரியார் வகுத்த எண்ணெழுத்து முறையைப் பரப்ப உழைத்தார். 1924இல் ஸ்கொத்லாந்தின் கிறீவ் நகரிற் காலமானார்.