மொட்டைச் சுவர்களின் நகரம்

பெர்லின் நகரத்தின் கிராய்ட்ஸ்பெர்க் பகுதியில், மரியானன் தெருவில், ஐந்து மாடிக் கட்டடம் ஒன்றின் பக்கச் சுவர் முழுவதும் ஒரு விண்வெளி வீரர் மிதக்கிறார். உயரம் 22 மீட்டர், அகலம் 14 மீட்டர். வெளிர் சுவரில் கறுப்பு மட்டுமே. பெயின்ட் வழிந்து இறங்கிய கோடுகளைக்கூட அழிக்காமல் விட்டிருக்கிறார் ஓவியர் விக்டர் ஆஷ். 2007இல் வரைந்தது. வருகிறவர்கள் எல்லோரும் அண்ணாந்து அந்த வீரரைப் பார்க்கிறார்கள். எனக்கு அதைவிடப் பெரிய அதிசயம் அவருக்குப் பின்னால் இருக்கும் சுவர். அத்தனை பேர் குடியிருக்கும் ஐந்து மாடி வீட்டில், ஒரு ஜன்னல்கூட இல்லாமல் இவ்வளவு பெரிய மொட்டைச் சுவர் ஏன் நிற்கிறது?

கிராய்ட்ஸ்பெர்க்கில் அரை மணி நேரம் நடந்தால் இப்படிப்பட்ட சுவர்கள் அடுத்தடுத்துக் கண்ணில் படும். ஓவியர்கள் இந்த நகரத்தைத் தேடி வந்ததற்கு அவையே முதல் காரணம் என்பது என் எண்ணம். சுதந்திர மனப்பான்மை, இளைஞர் கூட்டம், இசை எல்லாம் உண்மைதான். ஆனால் எழுதச் சுவர் வேண்டும்.

1860களின் தொடக்கத்தில் பெர்லினில் ஐந்தரை லட்சம் பேர் இருந்தார்கள். 1905இல் இருபது லட்சம் பேர். இந்தப் பெருக்கத்துக்கு இடம் செய்ய, பொறியாளர் ஜேம்ஸ் ஹோப்ரெக்ட் 1862இல் அகலமான தெருக்களும் அவற்றுக்கு நடுவே மிகப் பெரிய மனைத் தொகுதிகளுமாக ஒரு வரைபடம் தந்தார். மனைகள் தெருமுகத்தில் குறுகலாகவும் உள்ளே ஆழமாகவும் அமைந்தன. நில உரிமையாளர்கள் ஒரு சதுர அடியையும் வீணாக்கவில்லை. தெருவைப் பார்த்து ஒரு முன்வீடு, அதன் இரு பக்கமும் பின்னோக்கி நீளும் கட்டடங்கள், அவற்றை மூடும் பின்வீடு, நடுவில் முற்றம். அதற்கும் பின்னால் இன்னொரு வீடு, இன்னொரு முற்றம். முற்றம் எவ்வளவு சிறியதாக இருக்கலாம் என்று 1853ஆம் ஆண்டின் கட்டட விதி சொன்னது: 5.34 மீட்டருக்கு 5.34 மீட்டர். அன்றைய தீயணைப்பு வண்டி திரும்ப அந்த இடம் போதும் என்பதே கணக்கு. குடியிருப்பவர்களின் வெளிச்சமும் காற்றும் அந்தக் கணக்கில் வரவே இல்லை.

வீடுகளின் தளங்கள் மர உத்தரங்களின்மேல் போட்டவை. ஒரு வீட்டில் தீப் பிடித்தால் அடுத்த வீடும் அதற்கடுத்ததும் போய்விடும். ஆகவே மனையின் எல்லையில் எழும்பும் சுவர் கட்டியான செங்கல் சுவராக இருக்க வேண்டும், அதில் ஜன்னலோ கதவோ கூடாது என்று விதி வந்தது. இதுதான் தீத்தடுப்புச் சுவர். அது யார் கண்ணிலும் படுவதற்காகக் கட்டியதல்ல. பக்கத்து மனைக்காரர் தன் வீட்டை அதோடு ஒட்டிக் கட்டுவார், சுவர் என்றைக்கும் மறைந்தே இருக்கும் என்ற நம்பிக்கையில் கட்டியது.

பிறகு போர் வந்தது. 1943 முதல் 1945 வரை விழுந்த குண்டுகளில் நகரத்தின் பெரும்பகுதி இடிந்தது. அப்புறப்படுத்த வேண்டிய இடிபாடு சுமார் ஏழரைக் கோடி கன மீட்டர். தீக்குண்டுகள் ஒரு வீட்டை முழுதாக எரித்த இடங்களில், அடுத்த வீட்டின் தீத்தடுப்புச் சுவர் தான் எதற்காகக் கட்டப்பட்டதோ அதைச் செய்தது. தீ நின்றது, வீடு பிழைத்தது. இடிபாட்டை அள்ளிய பிறகு பக்கத்து மனை வெறும் மண்ணாகக் கிடந்தது. அரை நூற்றாண்டுக்கு மேல் யாரும் பார்த்திராத சுவர் முதல்முறையாகத் தெருவைப் பார்த்து நின்றது.

ஓவியம் தீட்டாத பழைய சுவர் ஏதாவது கிடைத்தால் உற்றுப் பாருங்கள். இல்லாமல்போன வீட்டின் தடம் அதில் இருக்கும். சாய்வாக ஓடும் ஒரு கோடு அதன் கூரை இருந்த இடம். மேலிருந்து கீழாகக் கரி படிந்த பட்டை புகைபோக்கி. வரிசையாகத் தெரியும் குழிகளில் ஒவ்வொரு தளத்தின் உத்தரமும் செருகியிருந்தது.

வேறு நகரமாக இருந்தால் பத்துப் பதினைந்து ஆண்டுகளில் காலி மனைகளில் வீடு எழும்பியிருக்கும். இங்கே எழும்பாததற்குக் காரணம் இன்னொரு சுவர். 1961 ஆகஸ்டில் கிழக்கு ஜெர்மனி எழுப்பிய எல்லைச் சுவர், மேற்கு பெர்லினைச் சேர்ந்த கிராய்ட்ஸ்பெர்க்கின் கிழக்குப் பகுதியை மூன்று பக்கமும் வளைத்தது. நகரத்தின் நடுவில் இருந்த பேட்டை ஒரே இரவில் நகரத்தின் ஓரமாயிற்று. போதாக்குறைக்கு அதன் குறுக்கே ஒரு விரைவுச் சாலை போடும் திட்டமும் இருந்தது. இடிக்கப்போகும் வீட்டுக்கு யார் சுண்ணாம்பு அடிப்பார்கள்? வாடகை விழுந்தது. துருக்கியிலிருந்து வேலைக்கு வந்தவர்கள், மாணவர்கள், கட்டாய ராணுவ சேவை இல்லாத மேற்கு பெர்லினுக்கு மாறிவந்த இளைஞர்கள் எல்லோரும் இங்கே கூடினார்கள். 1981இல் மேற்கு பெர்லினில் நூற்றைம்பதுக்கும் மேற்பட்ட காலி வீடுகளில் அனுமதி இல்லாமல் ஆட்கள் குடியேறியிருந்தார்கள். வாடகைக் கொள்ளையையும் இடிப்பையும் எதிர்க்கும் கோஷங்கள் சுவர்களில் ஏறின.

எல்லைச் சுவருக்கும் ஒரு விசித்திரமான வடிவம் உண்டு. கிழக்கு ஜெர்மனி அதைச் சரியாக எல்லைக்கோட்டின் மேல் கட்டவில்லை. பல இடங்களில் சில மீட்டர் தன் பக்கம் தள்ளியே கட்டியது. அதனால் சுவரின் மேற்கு முகத்துக்கு முன்னால் கிடந்த மண்ணும் சட்டப்படி கிழக்குக்கே சொந்தம். மேற்கு பெர்லின் போலீஸ் அங்கே கால் வைக்காது. கிழக்குக் காவலர்கள் வர வேண்டுமானால் சுவரில் இருக்கும் சிறு கதவைத் திறந்துகொண்டு வர வேண்டும். சுவரை ஒட்டிய ஒரு வீட்டில் வசித்த பிரெஞ்சுக்காரர் தியரி நுவார் 1984இல் இந்தச் சந்தில்தான் வரையத் தொடங்கினார். காவலர்கள் வருவதற்குள் முடித்தாக வேண்டும். அதனால் பக்கவாட்டில் பார்க்கும் பெரிய தலைகள், தடித்த உதடு, இரண்டு மூன்று நிறம், அவ்வளவுதான். இன்று உலகம் அறிந்த அவருடைய பாணியை அந்த அவசரம் உருவாக்கியது.

பெத்தானியன் டம் தெருவில் இதே போன்ற ஒரு துண்டு நிலம் இருக்கிறது. கிழக்குக்குச் சொந்தமாக இருந்தும் சுவருக்கு மேற்கே சிக்கிய முக்கோண மண். துருக்கியிலிருந்து வேலைக்கு வந்து ஓய்வு பெற்ற ஒஸ்மான் காலின் 1980களில் அங்கே குப்பையை அகற்றி வெங்காயமும் பூண்டும் நட்டார். பிறகு கிடைத்த பலகைகளைக் கொண்டு ஒரு மரவீடு கட்டினார். சுவர் போய்விட்டது, அவரும் 2018இல் மறைந்துவிட்டார். வீடு இன்னும் நிற்கிறது. நடந்து போகிறவர்கள் அதைத் தவறவிடக் கூடாது.

எல்லையில் இருந்த இன்னொரு சட்டச் சந்து தமிழர்களுக்கு நேரடியாகத் தொடர்புடையது. பெர்லின் ஒரே நகரம், நடுவே இருப்பது எல்லையல்ல என்பது மேற்கின் நிலைப்பாடு. ஆகவே கிழக்கிலிருந்து ரயிலில் வருபவர்களின் பாஸ்போர்ட்டை மேற்கு பெர்லின் சோதிக்கவில்லை. 1980களின் முதல் பாதியில் இலங்கையிலிருந்து தப்பி வந்த ஈழத்தமிழர்கள் பலர் கிழக்கு பெர்லினின் ஷோனஃபெல்ட் விமான நிலையத்தில் இறங்கினார்கள். ஃப்ரீட்ரிஷ் தெரு நிலையத்தில் ரயில் ஏறி மேற்கே போய்த் தஞ்சம் கேட்டார்கள். 1985இல் கிழக்கு ஜெர்மனி, போகும் நாட்டின் விசா இல்லாத தமிழர்களை இவ்வழியே விட மறுக்கத் தொடங்கியதும் அந்த வாசல் மெல்ல அடைபட்டது. ஜெர்மனியின் இன்றைய தமிழ்க் குடும்பங்கள் பலவற்றின் கதை அந்த ரயில் நிலையத்தில்தான் தொடங்குகிறது.

இனிச் சுவர்களின் மேல் இருப்பதைப் பார்ப்போம். ஒரு படம் எந்த உயரத்தில் இருக்கிறது என்பதிலிருந்தே அது எப்படி வந்தது என்று கண்டுபிடித்துவிடலாம். தரையிலிருந்து இரண்டு மீட்டர் வரை கை எட்டும். அங்கே நெருக்கமாகப் பெயர்க் கிறுக்கல்கள். கண் மட்டத்தில் பசை தடவி ஒட்டிய காகிதப் படங்கள். அவற்றை வீட்டிலேயே நிதானமாக வரைந்து, வெட்டி, மாவுப் பசையோடு வந்து சில நொடிகளில் ஒட்டிவிட்டுப் போகலாம். 2005இல் ஜெர்மன் குற்றவியல் சட்டத்தைத் திருத்தினார்கள்: சுவருக்குச் சேதமே இல்லாவிட்டாலும், அதன் தோற்றத்தை அனுமதியின்றிக் கணிசமாகவும் நீடித்தும் மாற்றினால் குற்றம். மழைக்கு உரிந்துபோகும் காகிதத்தை ‘நீடித்த’ மாற்றம் என்று நிரூபிப்பது ஸ்பிரே பெயின்ட்டை நிரூபிப்பதைவிடக் கடினம்.

கூரை விளிம்புக்குக் கீழே மட்டும் பெரிய எழுத்துகள் இருந்தால், ஒருவர் மொட்டைமாடியில் குப்புறப் படுத்து, நீண்ட கழியில் கட்டிய ரோலரால் எழுதியிருப்பார். உச்சியிலிருந்து தரைவரை ஒரே பத்தியாக, சிவப்பும் நீலமுமாக எழுத்துகள் இறங்கினால் அது கயிற்றில் தொங்கி எழுதும் ‘பெர்லின் கிட்ஸ்’ குழுவின் வேலை. சுவர் முழுவதும் சீராகப் பரவிய படமா? அங்கே சாரமோ கிரேனோ நின்றிருக்கிறது, வீட்டுக்காரரின் அனுமதி இருந்திருக்கிறது.

ஸ்பிரே கேனுக்குள் நடப்பதையும் சொல்லியாக வேண்டும். உள்ளே பெயின்ட்டோடு புரோப்பேனும் பியூட்டேனும் அழுத்தத்தில் திரவமாகக் கலந்திருக்கின்றன. நம் சமையல் சிலிண்டரில் இருக்கும் அதே வாயுக்கள். கேனின் மூக்கை அழுத்தியதும் கலவை வெளியே பாய்கிறது. வெளிக்காற்றின் குறைந்த அழுத்தத்துக்கு வந்த கணமே அந்தத் திரவ வாயு கொதித்து ஆவியாகி, பெயின்ட்டைக் கண்ணுக்குத் தெரியாத துளிகளாகச் சிதறடிக்கிறது. கேனுக்குள் காலியாகும் இடத்தை மேலும் கொஞ்சம் திரவம் ஆவியாகி நிரப்புவதால், கேன் தீரும் தறுவாய் வரை அழுத்தம் ஏறக்குறைய ஒரே அளவில் நிற்கிறது. கடைசிக் கோடும் முதல் கோட்டைப் போலவே விழுவது இதனால்தான். ஆவியாகத் தேவையான வெப்பத்தைத் திரவம் கேனிலிருந்தே எடுத்துக்கொள்ளும். தொடர்ந்து அடித்தால் கை சில்லிட்டுப் போகும். சாதாரண பியூட்டேனின் கொதிநிலை மைனஸ் 0.5 டிகிரி செல்சியஸ், புரோப்பேனின் கொதிநிலை மைனஸ் 42. பெர்லின் குளிரில் பியூட்டேன் ஆவியாக மறுக்கும், பெயின்ட் துப்பித் துப்பி விழும். அதனால் கேன்களைக் கோட்டுக்குள் வைத்துச் சூடேற்றிக்கொண்டு போவார்கள். சுவரை நெருங்கிப் பிடித்தால் கூர்மையான கோடு, விலக்கினால் பனிபோல மங்கும் விளிம்பு; கை ஒரு கணம் தயங்கினால் படலம் தடித்து வழியும். வழியாத நேர்கோடு ஒன்றைப் பார்த்தால் அதற்குப் பின்னால் ஆண்டுக்கணக்கான பயிற்சி இருக்கிறது என்று அறியலாம்.

வரைந்தது நிலைப்பதில்லை. சூரியனின் புறஊதாக் கதிர் பெயின்ட்டைப் பிடித்துவைக்கும் பிசினை உடைக்கிறது. பழைய படத்தில் விரலை வைத்துத் தேய்த்தால் நிறத்தூள் ஒட்டிக்கொண்டு வரும். சில சிவப்புகளும் மஞ்சள்களும் முதலில் வெளுக்கின்றன. கரியாலான கறுப்பு எல்லாவற்றையும் தாண்டி நிற்கிறது. கான்கிரீட்டுக்கு நோய் உள்ளிருந்தே வருகிறது. எல்லைச் சுவரில் எஞ்சிய 1.3 கிலோமீட்டர் நீளத் துண்டு ஒன்றில் 1990இல் 21 நாடுகளைச் சேர்ந்த 118 ஓவியர்கள் வரைந்ததுதான் ஈஸ்ட் சைட் கேலரி. கான்கிரீட்டின் காரத்தன்மை உள்ளிருக்கும் கம்பியைத் துருவிலிருந்து காக்கிறது. காற்றிலுள்ள கார்பன் டை ஆக்சைடு மெல்ல ஊடுருவி அந்தக் காரத்தைக் குறைத்துவிடும். கம்பி துருப்பிடித்துப் பருத்து, மேலே இருக்கும் கான்கிரீட்டையும் ஓவியத்தையும் சேர்த்து உதிர்க்கும். 2009இல் சுவரைச் செப்பனிட்டு, பெரும்பாலான படங்களை வரைந்தவர்களையே அழைத்து மீண்டும் வரையச் செய்தார்கள். சோவியத் தலைவர் பிரெஷ்னேவும் கிழக்கு ஜெர்மனித் தலைவர் ஹோனெக்கரும் முத்தமிடும் புகழ்பெற்ற படமும் திமித்ரி வ்ரூபெல் இரண்டாம் முறை வரைந்ததே.

வெயிலாலும் மழையாலும் அல்லாமல் மறைந்த படங்களும் உண்டு. கூவ்ரி தெருவில் ஒரு பெரிய காலி மனையின் ஓரத்தில் இத்தாலிய ஓவியர் ப்ளூ 2007, 2008 ஆண்டுகளில் இரண்டு பிரம்மாண்டப் படங்களை வரைந்தார். ஒன்றில் இரு உருவங்கள் ஒன்றின் முகமூடியை மற்றொன்று கழற்றுகின்றன. இன்னொன்றில் தலையில்லாத ஒருவரின் இரு மணிக்கட்டிலும் தங்கக் கடிகாரங்கள், அவற்றைச் சங்கிலி இணைத்து விலங்காக்குகிறது. மனையில் கட்டடம் கட்டும் திட்டம் நெருங்கியபோது, படத்தைக் காட்டியே வீடு விற்பார்கள் என்ற நிலை வந்தது. 2014 டிசம்பரில் ஓர் இரவில், ப்ளூவின் ஒப்புதலோடு, அந்தப் படங்களுக்குத் துணை நின்ற லூட்ஸ் ஹென்கேயும் நண்பர்களும் இரண்டு சுவர்களையும் கறுப்பால் மூடினார்கள். அந்தப் படங்களைப் பார்க்க முடியாமல்போனது எனக்கு இன்றும் வலிக்கிறது, ஆனாலும் அவர்கள் செய்தது நியாயம் என்றே நினைக்கிறேன். பிறகு அந்த இடத்தில் அலுவலகக் கட்டடம் வந்துவிட்டது. ப்ளூவின் இன்னொரு படம், நூற்றுக்கணக்கான இளஞ்சிவப்பு உடல்களால் ஆன பூதம், ஃபால்கன்ஸ்டைன் தெருவில் ஓபர்பௌம் பாலத்துக்கு அருகே இருக்கிறது.

மொட்டைச் சுவர் பக்கத்து வீடு ஒட்டிக்கொள்வதற்காகவே எழுந்தது. அந்த உரிமை இன்றும் பக்கத்து மனைக்காரரிடமே இருக்கிறது. அவர் செங்கல் அடுக்கத் தொடங்கினால், மேலே எவ்வளவு பெரிய கலைஞரின் படம் இருந்தாலும் அது மறையும். நகரத்தில் வீடுகளுக்குப் பெரும் தட்டுப்பாடு. காலி மனைகள் ஒவ்வொன்றாக நிரம்புகின்றன. நிரம்பாத இடத்திலும் வெப்பம் வீணாகாமல் இருக்கச் சுவரின்மேல் தடித்த காப்புப் பலகை ஒட்டி, அதன்மேல் புதிதாகப் பூசிவிடுகிறார்கள். அதனால் பெரிய படங்களுக்கான தேடல் நகரத்தின் ஓரங்களுக்கு நகர்ந்திருக்கிறது. வடமேற்கே டேகல் பகுதியில், 42 மீட்டர் உயரமுள்ள அடுக்குமாடிகளின் பக்கச் சுவர்களை 2015 முதல் ஓவியர்களுக்குக் கொடுத்திருக்கிறார்கள். அந்தக் கட்டடங்கள் பசும்புல் நடுவே தனித்தனியாக நிற்பவை; அவற்றோடு ஒட்டிக் கட்டப் பக்கத்து மனைக்காரர் என்று யாரும் இல்லை.