கையில் எழுதிய பழி

பார்த்து மறந்துவிடும் படங்கள் பல. பார்த்தபின் குடும்பத்தோடு அமர்ந்து பேசத் தூண்டும் படங்கள் சில. 1975-ஆம் ஆண்டு யாஷ் சோப்ராவின் இயக்கத்தில் வெளிவந்த 'தீவார்' என்னும் இந்திப் படம் இரண்டாம் வகையைச் சேர்ந்தது. தீவார் என்றால் சுவர். சலீம்-ஜாவேத் இருவரும் எழுதிய இக்கதையை, 1981-இல் ரஜினிகாந்த் நடித்த 'தீ' வாயிலாகத் தமிழ் மக்களும் அறிவர்.

தொழிற்சங்கத் தலைவர் ஒருவர், தம் மனைவி மக்களின் உயிருக்கு அஞ்சி, முதலாளி நீட்டிய தாளில் கையொப்பமிடுகிறார். பின் வெட்கம் தாளாமல் வீட்டைத் துறந்து போகிறார். சினங்கொண்ட சிலர் அவருடைய மூத்த மகனைப் பிடித்து, 'என் தந்தை திருடன்' என்று அச்சிறுவனின் கையில் பச்சை குத்திவிடுகின்றனர்.

தாய் (நிருபா ராய்) பம்பாயில் செங்கல் சுமந்து பிள்ளைகளை வளர்க்கிறாள். தம்பி ரவி (சசி கபூர்) படிப்பதற்காக அண்ணன் விஜய் (அமிதாப் பச்சன்) உழைக்கிறான். துறைமுகக் கூலியாக இருந்த அண்ணன் கடத்தற்காரனாகிறான்; தம்பியோ போலீஸ் அதிகாரியாகிறான். இருவருக்குமிடையே சுவர் எழும்புகிறது.

அண்ணன்மீது நடவடிக்கை எடுக்க ரவி தயங்குகிறான். அந்நாட்களில், தப்பியோடும் சிறுவன் ஒருவனை அவன் சுட நேரிடுகிறது. சிறுவன் திருடியது ரொட்டி! மனம் வருந்தி, உணவு எடுத்துக்கொண்டு அவ்வீட்டிற்குச் செல்கிறான். சிறுவனின் தாய் சீறுகிறாள். ஓய்வு பெற்ற ஆசிரியரான தந்தையோ, சிறிதாயினும் பெரிதாயினும் திருட்டு திருட்டே என்கிறார். அந்த ஏழையின் சொல்லே ரவியின் தயக்கத்தைப் போக்குகிறது.

விஜயின்மீது நமக்கு இரக்கம் பிறக்கிறது. ஆனால் இரக்கம் வேறு, நியாயப்படுத்துதல் வேறு. இவ்வேறுபாட்டைத் தாய் அறிந்திருக்கிறாள். மூத்தவனின் மாளிகையை உதறி இளையவனோடு செல்கிறாள். கடமைக்குப் புறப்படும் அவன் கையில் தானே துப்பாக்கியைக் கொடுக்கிறாள். பின்னர் மூத்தவனுக்காகக் கோயிலில் காத்திருக்கிறாள். அவன் அவள் மடியிலேயே உயிர் விடுகிறான். அவன் செயலை வெறுத்தாளேயன்றி, மகனை அவள் வெறுக்கவில்லை.

கடத்தற்காரனைச் சட்டம் தேடிப் பிடித்தது. ஆனால் அவன் பிஞ்சுக் கையில் பழியை எழுதியவர்களை யார் தேடினார்கள்? நம் ஊரில் ஒரு குடும்பம் தலைகுனிந்து நிற்கும்போது, அதன் பிள்ளைகளை நாம் எப்பெயரிட்டு அழைக்கிறோம்? ஊசியால் குத்தினால்தான் பச்சையா? நாவாலும் குத்தலாம் அல்லவா?