ஜோன் துரையும் லயத்து அருளப்பனும்

தலவாக்கலைப் பக்கத்துத் தோட்டம் ஒன்றிலிருந்து நேயர் ஒருவர் எழுதியிருக்கிறார். "எங்கள் லயத்தில் ஒரு சவரிமுத்துத் தாத்தா இருக்கிறார். முத்து விளங்குகிறது, சவரி என்றால் என்ன? வெள்ளைக்காரர் பெயர்களுக்கு அர்த்தம் உண்டா, அல்லது வெறும் சத்தந்தானா?" என்பது அவரது கேள்வி. இந்த வாரப் பேச்சை அதற்கே ஒதுக்கிவிடலாம்.

சவரி என்பது சவேரியார் என்பதன் குறுக்கம். 1542இல் இந்தியாவுக்கு வந்து முத்துக்குளித்துறைப் பரதவரிடையே பணி செய்த பிரான்சிஸ் சவேரியாருக்கு அப்பெயர், அவர் பிறந்த சவியேர் கோட்டையால் வந்தது. அக்கோட்டை ஸ்பெயினின் நவார்ப் பகுதியில் இருக்கிறது. அங்கு வழங்கிய பாஸ்க் மொழியில் 'எச்சே பெர்ரி' என்றால் புதிய வீடு. அதுவே திரிந்து சவியேர் ஆயிற்று. கடல் கடந்து சவேரியார் ஆயிற்று. தோட்டங்களுக்கு ஆள் சேர்த்த காலத்தில் நம்மவரோடு மலையேறிச் சவரிமுத்துவாகவும் சவரியம்மாளாகவும் லயத்தில் குடிபுகுந்தது. பத்துக்குப் பன்னிரண்டு அடிக் காம்பிராவில் பிறந்து, அதிலேயே கண்மூடிய எத்தனை பேர் 'புதுவீடு' என்னும் பெயரைச் சுமந்து திரிந்தார்கள்! சி. வி. வேலுப்பிள்ளை தம் நாவலுக்கு 'வீடற்றவன்' என்று தலைப்பிட்ட மண்ணல்லவா இது.

ஆகவே பொருள் உண்டு. ஐரோப்பியப் பெயர்களுட் பெரும்பாலானவை எபிரேயம், கிரேக்கம், இலத்தீன், பழைய ஜெர்மானியம் என்னும் ஊற்றுகளிலிருந்து வந்தவை. ஜெர்மானியப் பெயர்கள் இரண்டு சொற்களை ஒட்டியவை. அல்பேர்ட்டில் உயர்குடியும் ஒளியும் இருக்கின்றன. வில்லியத்தில் மனவுறுதியும் தலைக்கவசமும் இருக்கின்றன. இரண்டையும் சேர்த்து ஒரு பொருள் காண முயல்வது வீண்வேலை. பெற்றோர் பெயர்களில் ஆளுக்குப் பாதி எடுத்து ஒட்டிய வழக்கமும் அங்கே இருந்தது, இன்று நம்மவர் செய்வதைப் போல.

எபிரேயப் பெயர்களின் பயணம் இன்னும் சுவையானது. 'கடவுள் அருள் புரிந்தார்' என்னும் பொருளுடைய யோகனான் என்ற பெயர் கிரேக்கர் வாயில் யோவான்னஸ் ஆயிற்று. ஆங்கிலத்தில் ஜோன், பிரெஞ்சில் ழான், ஸ்பானியத்தில் ஹுவான், ரஷ்ய மொழியில் இவான், ஸ்கொட்லாந்துக்காரரிடம் இயன். தமிழ்க் கத்தோலிக்கரோ ஒலியை விட்டுப் பொருளைப் பிடித்துக்கொண்டு அருளப்பர் என்றார்கள். பங்களாவிலிருந்த ஜோன் துரையும் லயத்திலிருந்த அருளப்பனும் ஒரே பெயர்க்காரர்கள். இருவருக்கும் அது தெரிந்திருக்க வாய்ப்பில்லை. 1867இல் லூல்கந்துரத் தோட்டத்தில் தேயிலை பயிரிட்ட ஜேம்ஸ் டெய்லரின் பெயரும் இப்படித்தான். யாக்கோபு என்பதே ஆங்கிலத்தில் ஜேம்ஸ். ஸ்பானியத்தில் புனித யாகு, சந்தியாகு. டெய்லர் என்றால் தையற்காரர். சந்தியாகு என்ற பெயரோடு கொழுந்துக் கூடை தூக்கியவர்கள் எத்தனையோ பேர். மார்கிறெட் என்பது கிரேக்கத்தில் முத்து. மார்கிறெட் துரைசானிக்கும் நம் முத்தம்மாவுக்கும் இடையே மொழி ஒன்றே வேற்றுமை.

பொருளைப் பெயர்த்தெடுக்கும் இக்கலையில் வல்லவர் வீரமாமுனிவர். அவருடைய இயற்பெயரான கொன்ஸ்தான்சு என்பதில் அசையாத உறுதி என்னும் பொருள் இருக்கிறது. அதனால் முதலில் தைரியநாதர் என்று வழங்கினார். தேம்பாவணியில் சூசையை வளன் என்றார். யோசேப்பு என்ற எபிரேயப் பெயருக்கு 'அவர் கூட்டுவார்', அதாவது பெருகச் செய்வார் என்பது பொருள். யோவானைக் கருணையன் ஆக்கினார். இலத்தீனில் சிறியவன் என்னும் பொருளுடைய பவுல், தமிழில் சின்னப்பர் ஆனார். சின்னப்பன் என்ற பெயரை நாட்டுப்புறப் பெயர் என்று நகைப்போர் போல் என்ற பெயரை நாகரிகம் என்கிறார்கள். இரண்டும் ஒன்றுதான்.

என்னை நெடுநேரம் நிறுத்திய பெயர் ஜோர்ஜ். கிரேக்கத்தில் 'கே' என்பது நிலம், 'எர்கொன்' என்பது வேலை. ஜோர்ஜ் என்றால் நிலத்தில் உழைப்பவன். 1948இன் குடியுரிமைச் சட்டம் காட்டை வெட்டி நிலத்தைப் பண்படுத்திய நம்மவரில் மிகப் பெரும்பாலோரை நாடற்றவராக்கியபோது, இலங்கையின் முடிக்குரியவர் ஆறாம் ஜோர்ஜ் மன்னர். அவருக்குப் பெற்றோர் இட்ட முதற்பெயர் அல்பேர்ட். முடிசூடும்போது ஜோர்ஜ் என்ற பெயரை எடுத்துக்கொண்டார். மன்னர் உழவன் பெயரை விரும்பி ஏற்றார்; உழைத்தவனுக்கோ தன் பெயரைப் பதிவேட்டில் காட்டிக் குடியுரிமை கேட்க வேண்டி வந்தது. கங்காணி சொன்னதை ஒருவர் ஆங்கிலத்தில் ஒரு விதமாகவும், பிறப்புப் பதிவில் இன்னொருவர் வேறு விதமாகவும் எழுதினால், ஒரே ஆள் கடதாசியில் இருவராகிவிடுவார். பெயர் என்பது எங்கள் மலையில் வெறும் இலக்கிய விசாரம் அன்று.

பெயரைப் பற்றிய கூச்சம் வேறொரு பாரம். மூக்காயி, குப்பாயி, பிச்சை என்று பெரட்டுக்களத்தில் அழைக்கப்பட்ட பெயர்கள் சும்மா வைத்தவை அல்ல. பிறந்த பிள்ளைகள் அடுத்தடுத்து இறந்த வீட்டில், எஞ்சியதையாவது எமன் கண்ணிலிருந்து மறைக்க மூக்குக் குத்தியும், குப்பையில் கிடத்தி எடுத்தும், பிச்சையாகக் கேட்டு வாங்கியதாகப் பாவனை செய்தும் இட்டவை. ஒவ்வொன்றுக்குப் பின்னாலும் அழுதுநின்ற ஒரு தாய் இருக்கிறாள்.

சில ஆண்டுகளுக்கு முன் உயர்தர வகுப்பு மாணவி ஒருத்தி, விண்ணப்பப் படிவமொன்றில் தாயின் பெயர் கேட்ட இடத்தை வெறுமையாக விட்டுக் கொண்டுவந்தாள். பெயர் கறுப்பாயி. டவுன் பிள்ளைகள் சிரிப்பார்களாம். கறுப்பண்ணசாமிக்கு நேர்ந்து வைத்த பெயராகவும் இருக்கலாம் என்றேன், அசையவில்லை. ஐரோப்பாவில் விரும்பி வைக்கும் மெலனி என்ற பெயருக்குக் கிரேக்கத்தில் கறுத்தவள் என்பதே பொருள் என்றேன். நிமிர்ந்து பார்த்தாள். "அப்போ சேர், அவங்க மொழியில சொன்னா ஸ்டைல், எங்கம்மாவுக்கு வச்சா கேவலமா?" என்றாள். கோபத்தோடுதான் அந்த இடத்தை நிரப்பினாள். அழுத்தி எழுதியதில் தாள் கிழியப் பார்த்தது.

உடற்குறையைப் பெயராக்குவது நாகரிகமற்றோர் வழக்கம் என்பாரும் உளர். உரோமப் பேரரசன் குளோடியசின் குடிப்பெயர் முடவன் என்னும் இலத்தீன் சொல்லிலிருந்து வந்தது. சிசிலியா என்பதில் குருடு இருக்கிறது. தோட்டத்துரைமாரிடையே வழங்கிய கமரன் என்ற ஸ்கொட்லாந்துக் குலப்பெயருக்குக் கோணல்மூக்கு என்றும், கெம்பெல் என்பதற்குக் கோணல்வாய் என்றும் பொருள் கூறுவர். இவையெல்லாம் கனவான்களின் பெயர்கள்! நம் சங்கப் புலவர் வரிசையிலும் ஏணிச்சேரி முடமோசியார் இருக்கிறார். பொருநராற்றுப்படை பாடிய முடத்தாமக்கண்ணியார் இருக்கிறார். அவர்கள் பெயர்களைத் திருத்தி அழகுபடுத்த வேண்டும் என்று ஏடெழுதியோர் எவருக்கும் தோன்றவில்லை.

எங்கள் எழுத்தாளர் ஒருவரையும் இவ்விடத்தில் சொல்ல வேண்டும். 1934இல் பிறந்து 2022இல் மறைந்த ஜோசப், தாம் பணியாற்றிய தோட்டத்தின் பெயரைத் தம் பெயருக்கு முன்னால் சேர்த்துக்கொண்டார். தோட்டக்காடு என்று பிறர் இகழ்ந்த காலத்தில், தாம் எழுதிய நூல்களின் முகப்பிலெல்லாம் தெளிவத்தை ஜோசப் என்றே அச்சிட்டார். 'கூட்டுவார்' என்னும் எபிரேயப் பெயருக்கு முன் அவர் கூட்டியது ஒரு தேயிலைத் தோட்டத்தின் பெயர்.