கள்ளியல்லாத கள்ளி

அலங்காநல்லூர் என்றதும் தை மாதத்துக் காளைகளே எவருக்கும் நினைவுக்கு வரும். கால்வாய்ப் பாசனமும் கரும்புத் தோட்டமும் அடுத்தபடியாக நினைவுக்கு வரலாம். ஆனால் ஊரைக் கடந்து வகுத்துமலை, சிறுமலை அடிவாரங்களை நோக்கிச் சென்றால், கால்வாய் நீர் எட்டாத செம்மண் மேடும் கரட்டுப் பாறையுமே கண்ணில் படும். அத்தகைய கரடுகளில், முட்புதர்களின் நிழலில் ஒதுங்கி வாழும் ஒரு சிறு செடியைப் பற்றியே இம்மாதம் எழுத விழைகிறோம். ஆடு மேய்ப்போர் அதனைக் கள்ளிமுளையான் என்பர். கல்முளையான் என்போரும் உண்டு.

நாற்றுப் பண்ணைகளில் சின்னஞ்சிறு தொட்டிகளில் விற்கப்படும் பாலைவனக் கள்ளிகளைப் பல இல்லங்களில் ஆசையோடு வாங்கி வைக்கின்றனர். அவை மெக்சிகோ முதலிய அமெரிக்க நாடுகளைத் தாயகமாகக் கொண்டவை. நம் வேலியோரச் சப்பாத்திக்கள்ளியும் அவ்வாறு வந்ததே. ஒரு காலத்தில் அது தென்னாட்டு நிலங்களைப் பெருமளவில் மூடிக்கொண்டபோது, 1926ஆம் ஆண்டில் இலங்கையிலிருந்து ஒரு சிறு செதில்பூச்சியைக் கொணர்ந்து அதன்மீது விட்டனர். வெட்டியும் எரித்தும் தீராத தொல்லையை அப்பூச்சி சில ஆண்டுகளிலேயே பெரிதும் தீர்த்துவைத்தது.

நமது கள்ளிமுளையானோ பெயரில்தான் கள்ளி. பிறப்பால் அது எருக்கின் சுற்றம். வில்லியம் ராக்ஸ்பர்க் என்னும் தாவர அறிஞர் சோழமண்டலக் கரைச் செடிகளைப் பற்றி 1795ஆம் ஆண்டு முதல் வெளியிட்ட நூலில் இதனை விவரித்தார். கரல்லுமா என்னும் அதன் அறிவியற் பெயரும் தெலுங்கு நாட்டு மக்கள் வழங்கிய பெயரிலிருந்தே பிறந்தது. திருச்சி தூய வளனார் கல்லூரியின் இராப்பினாட் உலர்தாவரக் களஞ்சியத்தை உருவாக்கிய இயேசு சபைக் குரு அருள்திரு கே. எம். மத்யூ அடிகளார், நம் சமவெளிகளையும் குன்றுகளையும் சுற்றித் தாவரங்களைத் தொகுத்தவர். 2004ஆம் ஆண்டில் அவர் மறைந்தார். வேலியோரச் செடியும் ஆய்வுக்குரியதே என்று காட்டிய அத்தகைய உழைப்பாளர்கள் இன்னும் பலர் நமக்குத் தேவை.

இனி, அடையாளம் காணும் முறைக்கு வருவோம். இதனைச் சற்று நிதானமாகப் படிக்க வேண்டுகிறோம். ஏனெனில் கள்ளிமுளையான் உண்ணப்படும் செடி. மேய்ச்சலுக்குச் செல்வோர் பசி தாங்குவதற்காக இதன் தண்டைப் பச்சையாக மெல்லுவர். வீட்டில் துவையலும் அரைப்பர். பெரியவர்கள் தின்பதைக் கண்ட சிறுவர்கள் தாமாகத் தேடிச் சென்று, சதுரக்கள்ளியின் இளந்தண்டையோ திருகுகள்ளியையோ ஒடித்துவிடக் கூடும். அக்கள்ளிகளின் பால் வாயையும் வயிற்றையும் புண்ணாக்கும். கண்ணில் தெறித்தால் பார்வைக்கே ஆபத்து. அவ்வாறு நேர்ந்தால் தூய நீரால் கண்ணை நெடுநேரம் கழுவிவிட்டு, தாமதமின்றிக் கண் மருத்துவரிடம் செல்ல வேண்டும். தாய்ப்பாலோ விளக்கெண்ணெயோ விடும் பழக்கம் கூடவே கூடாது.

கள்ளிமுளையானின் தண்டு சுண்டுவிரல் பருமன் இருக்கும். நான்கு பட்டைகளுடன் ஒரு சாண் அல்லது சற்று மேலாக நிமிர்ந்து, நுனியில் வால்போல் மெலியும். பட்டைகளின் விளிம்பில் சிறு பற்கள் போன்ற மேடுகள் உண்டே தவிர முள் கிடையாது. சதுரக்கள்ளியிலோ இரட்டை இரட்டையாக முட்கள் இருக்கும். ஐயம் இருப்பின் நுனியைக் கிள்ளிப் பாருங்கள்: வெண்பால் வடிந்தால் அது கள்ளி, கையைக் கழுவிவிட்டு விலகுங்கள். கள்ளிமுளையானில் நீர் போன்ற சாறே கசியும். பூத்த செடியானால் ஐயத்துக்கே இடமில்லை. மெலிந்த நுனிப்பகுதியில் ஐந்து இதழ்களுடன் கருஞ்சிவப்பு நிறச் சிறு பூக்கள் தோன்றும். சில வகைகளில் அவை தலைகவிழ்ந்து தொங்க, இதழோரத்து மெல்லிய மயிர்கள் காற்றில் நடுங்கும். பின்னர் இரட்டைக் கொம்பு போன்ற காய் வெடித்து, எருக்கம் விதையைப் போலவே பஞ்சுடன் விதைகள் பறக்கும்.

வளர்ப்பது எளிது. விரல் நீளத் துண்டொன்றை நறுக்கி, வெட்டுவாய் காயும்வரை நான்கைந்து நாள் நிழலில் வையுங்கள். உடனே நட்டால் அழுகிவிடும். அடியில் துளையுள்ள மண்சட்டியே சிறந்தது. பிளாஸ்டிக் தொட்டியில் ஈரம் தங்கிவிடும். செம்மண், ஆற்றுமணல், சிறுகற்கள் மூன்றையும் ஏறத்தாழ சமமாகக் கலக்கலாம், கரிசல் ஆகாது. மண் முற்றிலும் காய்ந்த பின்னரே நீர் ஊற்றுக. இது புதர்நிழலில் வாழும் செடியாதலால் காலை வெயில் போதும். சித்திரை வெயிலில் மொட்டைமாடியில் வைத்தால் வெந்துவிடும். மாவுப்பூச்சி வேரில் ஒண்டும். கண்டால் வேரைக் கழுவிப் புதுமண்ணில் நடுக. ஐப்பசி, கார்த்திகை மழைக்குப் பின் பூக்களை எதிர்பார்க்கலாம். பூக்களைத் தேடி ஈக்கள் வரும். அவைதாம் மகரந்தம் சுமப்பவை, விரட்டாதீர்கள்.

துண்டு எங்கே கிடைக்கும்? காப்புக்காட்டில் பறிப்பது சட்டப்படி குற்றம். சொந்தப் புஞ்சை வைத்திருப்போரிடம் கேட்டு, தூரோடு பிடுங்காமல் ஒரு கிளையை மட்டும் வாங்குங்கள். இதனை வலியுறுத்தக் காரணம் உண்டு. இச்செடியின் சாரம் இன்று உடல் எடை குறைக்கும் மாத்திரையாக வெளிநாடுகளிலும் விற்கப்படுகிறது. பெங்களூர் புனித ஜான் மருத்துவக் கல்லூரியினர் 50 பேரை இரு பிரிவாக்கி 60 நாள் சோதித்து, 2007இல் முடிவை வெளியிட்டனர். சாரம் உண்டோரிடம் பசியும் இடுப்புச் சுற்றளவும் குறைந்தன. ஆனால் உடல் எடையில் இரு பிரிவினருக்கும் இடையே உறுதியாகச் சொல்லத்தக்க வேறுபாடு இல்லை. இவ்வளவே செய்தி. மாத்திரை வணிகம் இதைவிட உரத்துப் பேசுகிறது. கரட்டில் ஒரு தூர் பருக்கப் பல மழைக்காலங்கள் வேண்டும். சாக்குச் சாக்காக அள்ளுவோர்க்கு ஒரு பகற்பொழுது போதும்.