வீட்டுக்குள் வந்தது தெருக்கூத்து... காசு யாருக்கு?

வேலூரில் இருந்து திருவண்ணாமலை போகும் ரோட்டில், ஜவ்வாது மலை பக்கம் இருக்கிறது கணியம்பாடி. இந்த வட்டாரமே கூத்து வட்டாரம்தான்.

பங்குனி பிறந்தால் திரவுபதி அம்மன் கோவில்களில் பாரதக் கூத்து களை கட்டும். ராத்திரி கட்டியக்காரன் வந்து குதித்தால், விடிந்த பிறகுதான் அரிதாரம் கலையும்.

இப்போது பந்தலில் இன்னொருவரும் விடிய விடிய கண் விழிக்கிறார். அவர்தான் வீடியோக்காரர்! பகடை துகில், அர்ச்சுனன் தபசு, பதினெட்டாம் போர்... எல்லாம் முழுசாக யூடியூப்பில் கிடைக்கிறது. வெளியூருக்கு வேலைக்குப் போனவர், சொந்த ஊர் துரியோதனனை செல்போனில் பார்க்கிறார்.

சாவு வீட்டில் காரியத்துக்கு முந்தின இரவு 'கர்ண மோட்சம்' வைப்பது இந்தப் பக்கத்து வழக்கம். பொன்னுருவி அழும்போது வீட்டுப் பெண்களும் சேர்ந்து அழுவார்கள். அதை வீடியோ எடுத்து வைத்துக் கொண்டால் யார் தப்பு சொல்வார்கள்?

ஜெயில் உண்டு!

சட்டமும் தப்பு சொல்லவில்லை. சொந்த உபயோகத்துக்கு எடுக்கலாம். பாடம் நடத்த, ஆராய்ச்சி செய்யவும் எடுக்கலாம்.

ஆனால், ஊருக்கெல்லாம் காட்டி காசு பார்ப்பது வேறு சமாச்சாரம். 1957-ம் ஆண்டு காப்புரிமை சட்டத்தில், 1994-ல் நடிகர், பாடகர்களுக்கு என்று தனி உரிமை சேர்க்கப்பட்டது. அந்தப் பட்டியலில் பாம்பாட்டிகூட இருக்கிறார்! அவர்கள் சம்மதம் இல்லாமல் ஆட்டத்தைப் பதிவு செய்து பரப்பக்கூடாது. இந்த உரிமை 50 ஆண்டுகள் நீடிக்கும். 2012-ல் இது இன்னும் இறுக்கப்பட்டது. தெரிந்தே மீறினால் 6 மாதம் முதல் 3 ஆண்டு வரை ஜெயில், 50 ஆயிரம் முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதம்.

கூத்து ஜமாவிலோ எல்லாம் வாய்ப் பேச்சுதான். வெற்றிலை பாக்கு, கையில் அட்வான்ஸ். வீடியோவைப் பற்றி ஒரு வரி எழுதி வாங்க யாருக்குத் தோன்றும்?

பர்ட்டன் வீட்டில் சிக்கிய பிரதி

1964-ல் அமெரிக்காவின் நியூயார்க்கில், ரிச்சர்ட் பர்ட்டன் நடித்த 'ஹாம்லெட்' நாடகத்தை மேடையிலேயே படம் எடுத்தார்கள். தியேட்டரில் 2 நாள் காட்டிவிட்டு, பிரதிகளை அழித்துவிட வேண்டும் என்று ஏற்பாடு! 1984-ல் பர்ட்டன் இறந்த பிறகு, அவர் வீட்டில் ஒரு பிரதி அகப்பட்டது. பிறகு அந்த நாடகம் டி.வி.டி.யாகவும் வந்தது. லண்டன் நேஷனல் தியேட்டர் 2020 டிசம்பரில் இருந்து, தன் நாடகங்களை வீட்டிலேயே பார்க்க கட்டணம் வாங்குகிறது.

அதே 2020-ல் நம் பக்கம் நடந்தது என்ன? மார்ச் 25-ந்தேதி ஊரடங்கு. கோவில் திருவிழா இல்லை, கூத்தும் இல்லை. ஒரு வருஷத்து சாப்பாட்டை சம்பாதிக்கும் மாதங்கள் வீணாயின. பழைய வீடியோக்கள் மட்டும் யூடியூப்பில் ஓடிக்கொண்டிருந்தன.

ஆனாலும் வீடியோக்காரரை விரட்ட கூத்து வாத்தியாருக்கு மனசு வராது. ஜமா பெயரும் செல் நம்பரும் பின்னால் தொங்கும் திரையிலேயே எழுதியிருக்கும். அதைப் பார்த்துத்தானே அடுத்த ஊர்க்காரர் போன் போடுவார்!