பயத்துக்கு மெட்டுப் போட்டவர்

எம்.எஸ்.வி., இளையராஜா என்றால் நம் ஹாஸ்டலில் விடிய விடியப் பேசுவோம். "வேதா தெரியுமா?" என்று கேட்டுப் பாருங்கள். "எந்த டிபார்ட்மெண்ட் மச்சான்?" என்பார்கள்.

நானும் அப்படித்தான் இருந்தேன். கடலூர் முதுநகரில் என் தாய்மாமா சவுண்ட் சர்வீஸ் வைத்திருக்கிறார். போன லீவில் ஒரு ஆம்ப்ளிஃபையரைச் சரிசெய்து, சோதித்துப் பார்க்க 'அதே கண்கள்' (1967) படத்தைப் போட்டார். முகமூடிக்காரன் வரும் கட்டம். பட்டப்பகல்தான், ஆனாலும் எனக்கு உள்ளங்கை சில்லிட்டது. "பயமா இருந்தா கண்ணை மூடிக்க மாப்ளே" என்றார். மூடினேன். பயம் இரண்டு மடங்கானது! அப்போதுதான் புரிந்தது, பயம் திரையில் இல்லை, ஸ்பீக்கரில் இருக்கிறது.

'அன்பு எங்கே' (1958), 'பார்த்திபன் கனவு' (1960) படங்களுக்கு இசையமைத்தவர் வேதா. பிறகு சேலம் மாடர்ன் தியேட்டர்ஸின் 'வல்லவன் ஒருவன்' (1966), 'சி.ஐ.டி. சங்கர்' (1970) போன்ற துப்பறியும் படங்கள் அவர் கைக்கு வந்தன.

பயத்தை எப்படிச் செய்வது? நம் பாஷையில் சொன்னால் அதிர்வெண் கணக்கு. ஒட்டி நிற்கும் இரண்டு சுரங்களைச் சேர்த்து வாசித்தால் ஒலி உரசும், காது நிம்மதி இழக்கும். நடுவில் சட்டென்று நிசப்தம். அடுத்து என்ன என்று மனசே மீதியைச் செய்துகொள்ளும். இன்றுபோல் ஒவ்வொரு வாத்தியத்தையும் தனித்தனியாகப் பதியும் வசதி அன்று இல்லை. எல்லோரும் ஒரே ஹாலில் சேர்ந்து வாசிக்க வேண்டும். ஒருவர் தப்பினாலும் திரும்ப முதலிலிருந்து!

ஜப்பானிலும் இதே கதைதான். 'காட்ஜில்லா' (1954) படத்துக்கு இசையமைத்த அகிரா இஃபுகுபே, டபுள் பாஸ் கம்பியைத் தளர்த்தி, தோல் கையுறையால் தேய்த்துத்தான் அந்த மிருகத்தின் உறுமலுக்கு வழி செய்தார். கம்ப்யூட்டர் ஏது?

சிதம்பரம் போகும் ரயிலில் இதையெல்லாம் சொன்னபோது நண்பன் ஒருவன், "அவரு இந்தி மெட்டை காப்பி அடிச்சவருடா" என்று ஒரே போடாகப் போட்டான். பொய்யில்லை. 'யார் நீ?' (1966) இந்தி 'வோ கௌன் தி' (1964) படத்தின் தழுவல். அதில் மதன்மோகனின் மெட்டும் வந்தது. எனக்கு வாயடைத்துவிட்டது.

மாமாவிடம் போய்ப் புலம்பினேன். "அந்த மெட்டு வேற ஊர்லேர்ந்து வந்துச்சு, சரி. அதே கண்கள்ல நீ கேட்டது எங்கேர்ந்து வந்துச்சு? அது அந்த மனுஷன் சரக்குடா" என்றார்.

எனக்குச் சுருக்கென்றது. என் ப்ராஜெக்ட் சர்க்யூட் ஒரு புத்தகத்தில் இருந்ததுதான். வைவாவில் "இதில் உன் வேலை எது?" என்று கேட்டார்கள். விழித்தேன். வேதாவிடம் கேட்டிருந்தால் 'அதே கண்கள்' என்று பதில் சொல்லியிருப்பார்.

நண்பர்களே, இரவல் வாங்காமல் யாரும் தொழில் கற்பதில்லை. ஆனால் நம் சரக்கு என்று ஒன்றாவது இருக்க வேண்டாமா? இன்று ராத்திரி விளக்கை அணைத்துவிட்டு 'அதே கண்கள்' கேளுங்கள். பக்கத்துக் கட்டிலில் ஆள் இருக்கிறதா என்று மட்டும் முதலில் பார்த்துக்கொள்ளுங்கள்!

— மூன்றாம் ஆண்டு மாணவன், மின்னணுவியல் துறை