களரியிலிருந்து கமராவுக்கு

முல்லைத்தீவில் கோவலன் கூத்து ஆடுகிறவரின் குரல், கடைசியில் பாய் விரித்து இருக்கிற கிழவிக்கும் கேட்கவேண்டும். 'முல்லை மோடி' என்று தனிப்பெயர் பெற்ற இந்தக் கூத்தில், கோவலனின் தவிப்பு தோளிலும் காலிலும் கையிலும் தெரிந்தால்தான் சனத்துக்குப் போய்ச் சேரும். இமை துடிப்பது முன்வரிசைக்கே தெரியாது.

கமரா அந்த இமையைத்தான் கேட்கிறது.

அதனால்தான் கூத்துப் பழகியவர் திரைக்கு வந்தால் மிகையாக நடிப்பார் என்றொரு பேச்சு உண்டு. பசுபதியைப் பார்த்தவர்கள் அதை நம்பமாட்டார்கள். ந. முத்துசாமி 1977 இல் சென்னையில் தொடங்கிய கூத்துப்பட்டறையில், தெருக்கூத்தின் அடவுகளோடு வளர்ந்த நடிகர் அவர். 'விருமாண்டி'யில் (2004) கொத்தாளத் தேவராக உடம்பு முழுவதையும் இறக்கி ஆடியவர், 'சார்பட்டா பரம்பரை'யில் (2021) ரங்கன் வாத்தியாராகக் குத்துச்சண்டை வளையத்துக்கு வெளியே நின்று பார்வையாலேயே சண்டையை நடத்துகிறார். மேடை தந்த சக்தி அப்படியே இருக்கிறது. வெளியே வீசாமல் உள்ளே அடக்கி வைத்திருக்கிறார். அடக்குவதற்கு முதலில் அது உடம்பில் இருக்கவேண்டும்.

இன்னொரு சிரமமும் உண்டு. கூத்தில் வரவுப்பாட்டிலிருந்து மங்களம்வரை உணர்ச்சி படிப்படியாக ஏறும். படப்பிடிப்பிலோ சாவை முதல்நாளும் கலியாணத்தைக் கடைசிநாளும் எடுப்பார்கள். எதிரில் சனமும் இராது, மத்தளமும் இராது.

இதே பசுபதி, 'கன்னத்தில் முத்தமிட்டால்' (2002) படத்தில் ஈழப் போராளியாக வந்தார். கதை நடக்கும் இடங்களில் ஒன்று வன்னியின் மாங்குளம், படமாக்கியதோ இந்தியாவில். வன்னியிலேயே எடுத்த 'ஆணிவேர்' (2006) படத்திலும் முதன்மைப் பாத்திரங்கள் தமிழ்நாட்டின் நந்தாவுக்கும் மதுமிதாவுக்கும் போயின. ஈழப்போர் முடிந்த கையோடு தொடங்கும் 'தீபன்', 2015 இல் கான் விழாவின் தங்கப்பனை விருதைப் பெற்றது. அதில் யாழினியாக நடித்த காளீஸ்வரி சீனிவாசன் சென்னை நாடக மேடையிலிருந்து வந்தவர். அது அவருடைய முதல் படம். தீபனாக நடித்த ஷோபாசக்தி அல்லைப்பிட்டிக்காரர், எழுத்தாளர்.

வன்னியின் கதைகளைத் திரையில் சுமந்த இந்த முகங்கள் பெரும்பாலும் வெளியிலிருந்து வந்தவை. அவர்கள் நன்றாகவே சுமந்தார்கள். ஆனால் வன்னியின் முள்ளியவளையிலும் வற்றாப்பளையிலும், கூத்துப் பழக்கும் அண்ணாவியாரிடம் சிறுவயதிலேயே தாளக்கட்டுப் பழகியவர்கள் இருக்கிறார்கள். அந்த ஊர்களின் பேச்சும் நடையும் அவர்களுக்குப் புதிதாகச் சொல்லிக்கொடுக்க வேண்டியதில்லை. அடுத்த படத்துக்கு நடிகர் தேடுகிற இயக்குநர் ஒருவர், ஒரு கூத்திரவு விடியுமட்டும் களரியோரம் இருந்து பார்க்கட்டும்.